போஸ்டரின் ஓரத்தில் இருந்தவர்

எண்பதுகளில் திருப்பூர் பனியன் கம்பெனியில் சனிக்கிழமை ராத்திரி சம்பளம், ஞாயிற்றுக்கிழமை சினிமா. நான் கைமடிக்கச் சேர்ந்த காலத்தில் புதுப்படம் என்றால் ஓவர்லாக் அண்ணன்கள் முதலில் கேட்பது இதைத்தான்: "கவுண்டமணி இருக்காராடா?" கதாநாயகன் யார் என்பதெல்லாம் அப்புறம். போஸ்டரிலோ அவர் முகம் ஓரத்தில்தான் இருக்கும்.

1939இல் உடுமலைப்பேட்டை அருகே வல்லகுண்டபுரத்தில் பிறந்தவர் அவர். அன்றைக்கு அது கோயம்புத்தூர் மாவட்டம். 2009இல் திருப்பூர் மாவட்டம் உருவானபோது எங்கள் மாவட்டமாயிற்று. நாடக மேடையில் வருஷக்கணக்கில் உழைத்தவரை ஊர் திரும்பிப் பார்த்தது 1977இல், '16 வயதினிலே'யில். ரஜினியின் பரட்டைக்குப் பக்கத்தில் நிற்கும் எடுபிடி வேஷம். கமலும் ரஜினியும் முப்பதைத் தொடாத அந்த நேரத்தில் இவருக்கு வயது 38.

'வைதேகி காத்திருந்தாள்' (1984) படத்தைத்தான் நான் மேலே வைப்பேன். அதில் அவருக்குச் சைக்கிள் கடை, கூடவே பெட்ரோமாக்ஸ் வாடகை. கல்யாணமோ இழவோ, விளக்குக்கு அந்தக் கடைக்குத்தான் போக வேண்டும். அப்படிப்பட்ட கடை அன்று ஊருக்கு ஊர் உண்டு. பெட்ரோமாக்ஸின் மேண்டிலைப் பற்றி அவர் செந்திலுக்கு விளக்கும்போது முகத்தைக் கவனியுங்கள். துளிகூடச் சிரிப்பு இருக்காது. தொழில் தெரிந்தவனின் கர்வம் மட்டும்தான். எங்கள் கம்பெனி மெக்கானிக்கும் அப்படித்தான், மிஷினைக் கழற்றும்போது யாரையும் பக்கத்தில் விடமாட்டார். அந்தக் கர்வம் உண்மையாக இருப்பதால்தான் மேண்டில் உடையும்போது தியேட்டரே அதிர்ந்தது. 'கரகாட்டக்காரன்' (1989) வாழைப்பழக் காட்சியும் அதே மாதிரி. அவருக்கு அது வேடிக்கை இல்லை, கொடுத்த காசுக்குக் கணக்கு.

 இன்று அதே கம்பெனித் தெருவில் டீ நேரத்தில் பையன்கள் செல்போனை நீட்டினால் அதில் கவுண்டமணி முகம். அவர் உச்சத்தில் இருந்தபோது பிறக்காத பிள்ளைகள்! அன்றைய கதாநாயகர்கள் பலரின் பெயர்கூட இவர்களுக்குத் தெரியாது, ஓரத்து முகம் நிலைத்துவிட்டது. சந்தோஷம்தான். ஆனால் அரை நிமிடத் துண்டுகளில் அதட்டலும் உதையுமே மிஞ்சுகின்றன. அவற்றில் ஆளின் நிறத்தையும் உருவத்தையும் வைத்துத் திட்டிய வசவுகள் அன்றைக்கும் தப்புத்தான். அதே சமயம் 'சூரியன்' (1992) படத்தில் அரசியல்வாதியின் பகட்டைக் கிழித்தது, பெரிய மனுஷத்தனத்தை நேருக்கு நேர் கேள்வி கேட்டது, கொங்குப் பேச்சைக் கூச்சமில்லாமல் திரையில் ஒலிக்கவிட்டது, இவையெல்லாம் அந்தத் துண்டுகளில் அடங்குவதில்லை.

2015இல் '49 ஓ' படத்தில் விவசாயியாக, கதாநாயகனாகவே நின்றார். 2025இல் 'ஒத்த ஓட்டு முத்தையா' படம் வந்தபோது அவருக்கு வயது 85.

தம்பிகளே, ஒரு ஞாயிற்றுக்கிழமை துண்டுக் காட்சிகளை விட்டுவிட்டு 'வைதேகி காத்திருந்தாள்' படத்தை முழுசாகப் பாருங்கள்.