பட்டைக்கு ஒரு பங்காளி

திரங்கானு கடற்கரையில புதர் மேல மஞ்சளாப் படர்ந்து கெடந்த நூல் கொடியை வாரிக்கிட்டு வந்தியாமே, தம்பி? பிரிக்பீல்ட்ஸ் கொண்டோ பால்கனியில தொங்கவிட்டு, ‘லாரல் குடும்பம்’னு படம் வேற போட்டியாம். நல்லாருக்குடா உன் சம்பந்தம்!

அது கொத்தான்டா. குடும்பம் பெருசுதான், யாரு இல்லன்னா? கிள்ளான் தெங்கு கிளானா ரோட்டுக் கடையில விக்கிற பட்டை, பிரியாணி இலை, பங்சார்ல நீ காசைக் கொட்டி ரொட்டியில தடவித் தின்னுற அவகாடோ, எல்லாம் இதுக்குப் பங்காளிங்க. பட்டை தன் தோலையே உரிச்சுக் குடுக்குது. அவகாடோ பழத்தைக் குடுக்குது. இந்தப் பய என்னத்தக் குடுத்தான்? அம்புட்டுப் பெரிய வம்சத்துல ஒண்டிப் பொழைக்கிற சாதி இது ஒண்ணுதான்.

வெதை மண்ணுலதான் முளைக்கும். சின்னதா வேரும் விடும். பக்கத்துல ஒரு செடி தட்டுப்பட்டா, சுத்திப் புடிச்சு உறிஞ்சுவேரைக் குத்தி எறக்கிடும். அப்புறம் மண்ணுல உள்ள வேர் செத்துப்போகும். மாமனார் வீட்டுச் சோத்துக்கு உக்காந்த மாப்பிள்ளை விடியக்காலையில பால்மரம் சீவப் போவானா? எலைன்னு சொல்லிக்கச் செதில் மாதிரி என்னமோ ஒட்டிக்கிட்டிருக்கும். தண்டுல கொஞ்சம் பச்சையம் உண்டு, அதையும் சொல்லிடணும். பாவம், பேருக்கு ஏதோ சமைக்குது.

2018ல அமெரிக்காவுல ரைஸ் பல்கலைக்கழகத்துக்காரங்க ஒண்ணு கண்டுபிடிச்சாங்க. ஃபுளோரிடாவுல ஓக் மரத்து எலையில குளவி முட்டை வைக்கும். எலை உருண்டையா வீங்கி, குளவிக்குஞ்சு அதுக்குள்ள இருந்து மரத்துச் சத்தைத் திங்கும். நம்மாளு அந்த உருண்டையிலயும் உறிஞ்சுவேரை விட்டுட்டான். சிலதுக்குள்ள குளவி வத்திக் காஞ்சு கெடந்துச்சாம். திருடன் வீட்டுலயே திருட்டு! இதையா நீ சாமி படம் மாதிரி மாட்டி வெச்சிருக்கே?

பழைய வைத்தியத்துல நல்லெண்ணெயில காய்ச்சித் தலைக்குத் தடவுறதுண்டு. அதுக்காக எவனோ காணொளியில சொன்னான்னு கசாயம் வெச்சுக் குடிச்சிறாதே. ஆல்கலாய்டு உள்ள சரக்கு, வெளையாட்டு இல்ல.

ஒட்டுறதுக்கு ஆள் கெடைக்கலேன்னா தொங்கவிட்ட கொடி காஞ்சுபோகும். கெடைச்சா வருசக்கணக்கா எழுந்திரிக்காது. உன் அம்மா ஆசையா வளர்க்கிற கறிவேப்பிலைத் தொட்டி பக்கத்துலதானே இருக்கு? அவங்க பாக்கிறதுக்குள்ள, துண்டு விடாமப் பொறுக்கி, பையில கட்டிக் குப்பையில போட்டுடு.

லாரல் குடும்பத்து மேல அம்புட்டுப் பாசம்னா, ரெண்டு வெள்ளிக்குப் பட்டை வாங்கிக் கறியில போடு.