கொசுவர்த்திச் சுருளும் காலப் பயணமும்: தென்சென்னையை முன்வைத்து ஓர் ஆய்வு

காலயந்திரத்தை ஹெச்.ஜி. வெல்ஸ் 1895-இல் நாவலாக எழுதி வெளியிட்டார். அதே 1895-இல் ஜப்பானில் யூகி உவேயாமா என்ற பெண்மணி, தம் கணவர் ஈயிச்சிரோ தயாரித்த கொசுவிரட்டிக் குச்சி 40 நிமிடத்தில் எரிந்து தீர்ந்துவிடுவதைப் பார்த்து, இதை நீளமாக்கிச் சுருட்டினால் என்ன என்று கேட்டார். இவ்விரண்டும் ஒரே கண்டுபிடிப்பு என்பது இக்கட்டுரையின் துணிபு. வெல்ஸின் யந்திரம் இன்றுவரை ஒருவரையும் எங்கும் கொண்டுபோனதில்லை. யூகியம்மாளின் சுருளோ 1902-இல் கடைக்கு வந்து, பிற்பாடு கோடம்பாக்கத்தார் கையில் சிக்கி, தமிழர் அத்தனை பேரையும் கதாநாயகியின் கல்லூரி நாட்களுக்கு அழைத்துப் போய்த் திரும்பக் கொண்டுவந்து விட்டிருக்கிறது.

கருவி இயங்கும் முறை எல்லாரும் அறிந்ததே. கதாநாயகி ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வானத்தைப் பார்ப்பாள். திரை முழுக்க வளையங்கள் சுழலும். லஸ் காமதேனு தியேட்டரிலோ அடையாறு ஈராஸ் தியேட்டரிலோ உட்கார்ந்திருந்தவர்கள், "கொசுவர்த்தி சுத்த ஆரம்பிச்சாச்சு" என்று முறுக்கு வாங்க எழுந்து போவார்கள்.

அஃதேல், திரைச்சுருள் சுற்றுகிறது, வீட்டுச்சுருள் சுற்றுவதில்லையே எனின், அது கண்ணின் குறை. வீட்டுச்சுருள் நின்ற இடத்தில் நிற்க, நெருப்பு சுற்றுகிறது. வெளி வாலில் பற்றவைத்தால் அது சுமார் ஏழு மணி நேரம் உள்நோக்கி நடக்கும். வெளி வால் நிகழ்காலம். தகர ஸ்டாண்டின் முனை செருகியிருக்கும் நடுப்புள்ளி பிறந்த ஊர். இடைப்பட்டதெல்லாம் சாம்பல். இதைவிடத் தெளிவாகக் காலத்தை வரைந்து காட்டிய தத்துவ நூல் ஒன்றும் நம் பார்வைக்கு வரவில்லை.

சிலர் 'அந்த நாள்' படத்தைக் காட்டி மறுப்பர். 1954-இல் எஸ். பாலசந்தர் எடுத்த அப்படம், ஒரு பாட்டுக்கூட இல்லாமல், கொலையான ஒருவனின் கதையை ஒவ்வொருவர் நினைவிலிருந்தும் பின்னோக்கிப் போய்ச் சொல்கிறது. சுருளை நம்பாமலே இது நடந்ததே என்பது அவர்கள் வாதம். வாதிகள் கவனிக்க: கதை நடப்பது 1943 அக்டோபரில், சென்னையில் ஜப்பானிய விமானம் குண்டு போட்ட சமயத்தில். படத்தோடு சேர்த்துப் பேசப்படுவது குரோசவாவின் 'ராஷோமோன்'. குண்டு ஜப்பான், முன்னோடி ஜப்பான், சுருளும் ஜப்பான். இதற்குமேல் சான்று கேட்பவர்கள் ஆய்வுக்குத் தகுதியற்றவர்கள்.

இந்தச் சுருள்கலை தென்சென்னையில் செழித்ததற்குக் காரணம் பக்கிங்காம் கால்வாய். மயிலாப்பூர், அடையாறு வழியாக அது நகர்கிறது என்பது வரைபடத்தின் கூற்று. நேரில் பார்த்தால் நிற்கிறது. 1997-இல் திருமயிலை வரை வந்த பறக்கும் ரயில் அதன் மேலேயே தூண் ஊன்றியது. சாக்கடை நீரில் பெருகும் கியூலெக்ஸ் கொசு இரவில் கடிப்பதால் இரவுக் கதைகளும், நல்ல தண்ணீரில் பிறக்கும் ஏடிஸ் பகலில் கடிப்பதால் பகற்கனவுகளும் இங்கே செழித்தன என்க.

கனவைப் பற்றித் தனியே ஒரு அத்தியாயம் எழுத வேண்டும், சுருக்கமாகச் சொல்கிறேன். தமிழ்ப்படத்தில் பழைய நினைவுக்குச் சுருள், கனவுப் பாட்டுக்குப் புகை. முழங்கால் அளவு எழும் அந்தப் புகை டிரை ஐஸிலிருந்து வருவது. அதாவது உறைந்த கரியமில வாயு. மனிதன் மூச்சில் விடும் இதே வாயுவை மோப்பம் பிடித்துத்தான் கொசு நம்மைத் தேடி வருகிறது. கொசுப்பொறிகளில் இரையாக டிரை ஐஸ் வைக்கிற வழக்கமும் உண்டு. ஆகவே கனவு கொசுவை அழைக்கிறது, நினைவு அதை விரட்டுகிறது. காதலர்கள் வெள்ளை உடையில் ஓயாமல் கையை வீசி ஆடுவது ஏன் என்று இதுவரை விமர்சகர்கள் விளக்கியதில்லை.

ஒரு கிளைச்செய்தி. 2003-இல் சீனா, மலேசியச் சுருள்களைச் சோதித்தவர்கள், ஒரு சுருள் விடும் நுண்துகள் 75 முதல் 137 சிகரெட்டுக்குச் சமம் என்றார்கள். நாயகன் சிகரெட் பிடிக்கும்போது திரையின் ஓரத்தில் வரும் எச்சரிக்கை, நியாயப்படி அவன் கடந்தகாலத்தை நினைக்கும்போதுதான் வரவேண்டும்.

இன்று சுவர் பிளக்கில் திரவக் குப்பி வந்துவிட்டது. அதில் சுருளும் இல்லை, சாம்பலும் இல்லை; சிவப்பு விளக்கு மட்டும். விளைவு கண்கூடு. மாடவீதித் தாத்தா 1965-ஐ ஆரம்பித்தால் பேரன், "கொசுவத்தி சுத்தாதீங்க தாத்தா, மேட்டருக்கு வாங்க" என்கிறான். முன்பெல்லாம் நெருப்பு எங்கே நிற்கிறதென்று பார்த்தால் கதை இன்னும் எவ்வளவு பாக்கி என்று தெரியும். குப்பியில் அந்த வசதி கிடையாது. தாத்தாவுக்கும் எங்கே நிறுத்துவதென்று பிடிபடவில்லை.

எஞ்சியிருப்பது பிரிப்புச் சிக்கல். சுருள்கள் டப்பாவில் இரண்டிரண்டாகப் பின்னிப் படுத்திருக்கும். பழைய நினைவுக்குள் இன்னொரு பழைய நினைவு வருகிற படங்களின் மூலவடிவம் இதுவே. பிரிக்கும்போது முக்கால்வாசி உடைந்துபோவதால்தான் அப்படங்களில் சில பாத்திரங்கள் இடைவேளைக்குப் பின் காணாமலே போகின்றன. உடையாமல் பிரிப்பது எப்படி? நடுவில் கட்டைவிரலால் மெல்ல அமுக்கவேண்டும் என்பது மயிலாப்பூர்ப் பாட்டிகளின் மரபு. இரண்டு வாலையும் எதிரெதிராகத் திருகவேண்டும் என்பது அடையாற்று மரபு. இரு தரப்பும் சமையலறைத் தரையில் துண்டுகளைப் பரப்பி வைத்துக்கொண்டு வாதிட்டுக்கொண்டிருக்க, தி.நகர்க்காரர்கள் உடைந்ததைக் குப்பையில் போட்டுவிட்டு ரங்கநாதன் தெருவில் டஜன் கணக்கில் வாங்கி வந்துவிடுகிறார்கள்.