சாக்கடை டெல்லிக்குப் போன கதை

ரத்லம் என்றால் ரயில் பயணிகளுக்கு ஜங்ஷன். நொறுக்குத்தீனிப் பிரியர்களுக்கு சேவ். நம்மூர் காராசேவுக்கு மத்தியப் பிரதேசத்துப் பங்காளி அது. சட்டக்கல்லூரி மாணவர்களுக்கு மட்டும் ரத்லம் என்றால் சாக்கடை. அந்தப் புகழை ஊருக்குத் தேடித் தந்தது ரத்லம் நகராட்சி. அதுவும் சொந்தச் செலவில்.

ஊரில் நியூ ரோடு என்று ஒரு தெரு. பெயரில்தான் புதுசு. ஒழுங்கான வடிகால் கிடையாது. பக்கத்துக் குடிசைக்காரர்களுக்குக் கழிப்பறை கட்டித்தர யாருக்கும் தோன்றாததால், தெருவோரமே அவர்களுக்குக் கதி. போதாததற்கு ஆல்கஹால் ஆலை ஒன்று தன் கழிவுநீரையும் தெருவுக்கே தானம் செய்தது. கொசுக்களுக்கு ராஜயோகம்.

பொறுத்துப் பார்த்த தெருக்காரர்கள் 1972-ல் மாஜிஸ்திரேட்டிடம் போனார்கள். பொதுத்தொல்லையை அகற்ற உத்தரவிடும் அதிகாரம், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133-வது பிரிவில் இருந்தது. வெள்ளைக்காரன் விட்டுப்போன சொத்துகளில் உருப்படியான ஒன்று.

நகராட்சி இரண்டு பதில் சொன்னது. ஒன்று, இந்த லட்சணம் தெரிந்துதானே இங்கே குடிவந்தீர்கள், இப்போது என்ன புகார்? இரண்டு, காசில்லை.

மாஜிஸ்திரேட் மசியவில்லை. ஆறு மாதத்துக்குள் திட்டம் தயாரிக்கச் சொன்னார். நகராட்சி மண்வெட்டி தேடும் என்று நினைத்தால், வக்கீல் தேடியது. செஷன்ஸ் கோர்ட்டில் ஜெயித்தது. உயர் நீதிமன்றத்தில் தோற்றது. அத்தோடு விட்டால் மானம் என்னாவது? உச்ச நீதிமன்றத்துக்கு ஏறியது. சுண்டைக்காய் கால் பணம், சுமைகூலி முக்கால் பணம். கால் பணம் இல்லாத நகராட்சிக்கு முக்கால் பணம் எங்கிருந்து வந்தது என்று கேட்கப்படாது.

இதற்குள் டெல்லியில் இந்திரா போய் மொரார்ஜி வந்தார். அவர் போய் சரண் சிங் வந்தார். அவரும் போய் இந்திராவே திரும்பி வந்தார். நியூ ரோட்டில் மட்டும் நிலையான ஆட்சி.

வழக்கு வி.ஆர். கிருஷ்ணய்யர், ஓ. சின்னப்ப ரெட்டி அமர்வின் முன் வந்தது. கிருஷ்ணய்யர் 1957-ல் கேரளத்தில் ஈ.எம்.எஸ். அமைச்சரவையில் மந்திரியாக இருந்தவர். 'நிதி இல்லை' என்ற பல்லவியை மேஜைக்கு அந்தப் பக்கமிருந்தே கேட்ட காது. தீர்ப்பை அகராதி இல்லாமல் படிக்க முடியாதபடி எழுதுவார் என்று வக்கீல்களிடம் பெயர் வாங்கியவர். 1980 ஜூலை 29 அன்று அவர் சொன்னது மட்டும் நகராட்சிக்கு அகராதி இல்லாமலே புரிந்தது. கண்ணியமாக வாழ்வது மனித உரிமை, அதில் பேரம் கிடையாது. கஜானா காலி என்பது சாக்கு ஆகாது. வழக்காடக் காட்டிய உற்சாகத்தில் பாதியைத் தெருவில் காட்டியிருந்தால் வேலை எப்போதோ முடிந்திருக்கும்.

ஆலைக் கழிவை உடனே நிறுத்து; ஆறு மாதத்துக்குள் கழிப்பறை கட்டு; வடிகாலை ஒரு வருடத்துக்குள் முடி; மாநில அரசே, கடனோ மானியமோ கொடு என்று உத்தரவு. செய்யாவிட்டால் தண்டனை உண்டு என்பதும் நினைவூட்டப்பட்டது. நீதிமன்றம் ஏற்ற, செலவு குறைக்கப்பட்ட திட்டத்தின் மதிப்பு சுமார் 6 லட்சம் ரூபாய். எட்டு வருடம் மூன்று கோர்ட் ஏறியது இதைத் தவிர்க்கத்தான்.

கறாராகப் பார்த்தால் இது பொதுநல வழக்கே அல்ல. தெருக்காரர்கள் தங்கள் மூக்கைக் காக்கப் போட்ட வழக்கு. ஆனாலும் பின்னால் வந்த பொதுநல வழக்குகளுக்கெல்லாம் மூத்த அண்ணன் இதுதான். சாலை, பாலம், குடிநீர் எது இழுத்தடித்தாலும், அரசு 'காசில்லை' என்று கைவிரிக்கும்போது எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் புரட்டுவது ரத்லத்தைத்தான்.

உங்கள் தெருவிலும் தேங்கி நிற்கிறதா? ஒன்றைக் குறித்துக்கொள்ளுங்கள். 2024 ஜூலை 1 முதல் அந்த 133-வது பிரிவு, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 152 ஆகிவிட்டது. எண்தான் மாறியிருக்கிறது, சாக்கடை அதே சாக்கடைதான்.