விளையாடாத பிள்ளையை வளர்க்கும் வழி

வா தம்பி, உக்காரு. திண்ணை எல்லாம் இடிச்சாச்சு, அந்த சிமெண்ட் கட்டையிலயே உக்காரு. பையனுக்கு நாலரை வயசு ஆவுது, எந்நேரமும் மண்ணுலயே கெடக்குறான், படிப்புல புத்தி போவல, இன்னா பண்றதுன்னு கேக்குற. சேலையூர்ல இத்தினி டாக்டருங்க போர்டு போட்டுக்கினு உக்காந்திருக்க, மாடு மேய்ச்சவன்கிட்ட வந்து கேட்ட பாரு, அதுக்காகவே சொல்றேன். விளையாட்டு ஒரு வியாதிதான். முத்த வுடாத.

பாதி வேலையை நம்ம ஊரே முடிச்சி வச்சிருக்கு. கேம்ப் ரோட்டுல கெளம்பி ராஜகீழ்ப்பாக்கம், செம்பாக்கம் தாண்டி மேடவாக்கம் வரைக்கும் போய்ப் பாரு, ஒரு புள்ள கில்லி அடிக்க எடம் கெடைக்குதான்னு. களத்துமேடு, மேய்ச்சல் நெலம், ஏரி உள்வாய் எல்லாம் அடுக்குமாடியா நிக்குது. புள்ளைங்க விளையாட வேண்டிய எடத்துல 2015 டிசம்பர்ல தண்ணி வந்து விளையாடிட்டுப் போச்சு. முடிச்சூர், வரதராஜபுரத்து ஆளுங்களைக் கேளு, மொட்டை மாடியில நின்னு வேடிக்கை பாத்தவங்க சொல்லுவாங்க.

சட்டம் இல்லாமலா? இருக்கு. பத்தாயிரம் சதுர மீட்டருக்கு மேல மனை போடுறவன் பத்துல ஒரு பங்கை ஓ.எஸ்.ஆர்.னு, தெறந்தவெளி எடமா பொதுவுக்கு எழுதிக் குடுக்கணும். எழுதிக் குடுத்த எடத்துல பூங்கா வருது. நடக்குறதுக்கு எட்டு மாதிரி வளைச்சி ஒரு பாதை, மிதிக்கக் கூடாத புல்லு, வாசல்ல 'பந்து விளையாடக் கூடாது'ன்னு ஒரு பலகை. உள்ள என் வயசுக்காரனுங்க சர்க்கரைக்குப் பயந்து எட்டு போட்டுக்கினு இருக்கானுங்க. ஓட வேண்டியது டியூஷன்ல உக்காந்திருக்கு, உக்கார வேண்டியது வேர்க்க வேர்க்க ஓடுது. நல்ல ஏற்பாடு, கொற சொல்லக் கூடாது.

மீதிப் பாதி உன் கையில. புள்ளைக்குச் சும்மா இருக்குற நேரம்னு ஒண்ணு வச்சிடாத. திங்கக்கெழமை அபாகஸ், செவ்வாக்கெழமை ஃபோனிக்ஸ், புதன் கீபோர்டு, வெள்ளி ஸ்கேட்டிங். 'விளையாடவே வுடலன்னு சொல்றாங்களே'ன்னு மனசு குத்துச்சுன்னா ஞாயித்துக்கெழமை ஃபுட்பால் கோச்சிங்ல போடு. அங்க வரிசையில நிப்பான். விசில் அடிச்சா ஓடுவான், விசில் அடிச்சா நிப்பான். யாரு எந்த டீமு, எது தப்பாட்டம், எப்ப தண்ணி குடிக்கணும், எல்லாத்தையும் சாரே சொல்லிடுவாரு. புள்ளைக்கு யோசிக்கிற தொல்லையே கெடையாது.

அந்தத் தொல்லை இன்னான்னு உனக்குத் தெரியணும். பெரியவங்க யாரும் இல்லாம ஆறேழு பசங்க ஒரு சந்துல கிரிக்கெட் ஆடுனா, மொதல் அரை மணி நேரம் ஆட்டமே நடக்காது. சட்டம் போடுவானுங்க. மாமி வூட்டு காம்பவுண்டுக்குள்ள பந்து போனா அவுட்டு, அடிச்சவனே ஏறி எடுத்தாரணும், திட்டும் அவனே வாங்கிக்கணும். ஒரு பிச் விழுந்து வந்த கேட்ச்சு ஒத்தக் கையில புடிச்சாத்தான் செல்லும். ஏழாவது ஆளு வந்துட்டா அவன் ஜோக்கர், ரெண்டு பக்கமும் பேட்டு புடிப்பான். பேட்டு கொண்டாந்தவன் மொதல் பால்லயே அவுட்டாயிட்டு, இது ட்ரையல் பாலுன்னு அழிச்சாட்டியம் பண்ணுவான். பேட்டு அவனுது. ரொம்பப் பேசினா எடுத்துக்கினு போயிடுவான், பேசாம வுட்டா நாளைக்கும் இதே கூத்து. எவ்வளவு வுட்டுக் குடுக்கணும், எங்க நிறுத்தணும்னு ஏழு வயசுப் பொடியன் நின்ன எடத்துல கணக்குப் போடுவான். துரைப்பாக்கம் ஆபீஸ்ல உங்க மேனேஜரை வச்சிக்கினு நீ படுற பாடும் அதானே தம்பி? ஆனா உனக்கு அதுக்கு வெளியூர்ல ஓட்டல் ரூம் எடுத்து, கழுத்துல அட்டை மாட்டி, ரெண்டு நாள் பாடம் எடுக்க வேண்டியிருக்கு.

இன்னும் இருக்கு. எவனாவது ஒருத்தன் தம்பிப்பயலை இடுப்புல தூக்கியாந்துடுவான். சேத்துக்கலன்னா அழுவும், ஆத்தாக்காரி வருவா, ஆட்டம் கலையும். ஒப்புக்குச் சப்பாணியா சேத்துக்குவானுங்க. அது அடிச்சா ரன்னு, அவுட்டானா அவுட்டில்ல. முடியாதவனையும் ஆட்டத்துல வச்சிக்கினு, ஆட்டத்தையும் கெடுக்காம நடத்துறதுக்கு இதை வுட சுளுவான சட்டத்தை எந்த சர்க்காரும் போட்டு நான் பாக்கல. அப்புறம் எப்படியும் ஒரு சண்டை வரும். காய் வுடுவானுங்க. மறுநாள் சாயங்காலம் ஆளு பத்தலன்னா பழம் வுட்டே ஆவணும், வேற வழி கெடையாது. இதெல்லாம் கத்துக்கினு வந்தான்னு வையி, உன்கிட்டயே நியாயம் பேசுவான். ஜாக்கிரதை.

பொம்பளப் புள்ளைங்க ஆட்டம் அதை வுட மோசம். பல்லாங்குழியில பதினாலு குழி, குழிக்கு அஞ்சு முத்து. ஒவ்வொண்ணா போட்டுக்கினே போவும்போது எந்தக் குழியில வந்து நிக்கும், எதுல நாலு சேந்து பசு ஆவும்னு கையை வக்கிறதுக்கு முன்னாடியே கண்ணு எண்ணிடும். எங்க அக்கா பள்ளிக்கூடத்து வாசப்படி மிதிச்சவ இல்ல. அவகிட்ட வட்டிக்கணக்குல ஒரு ரூபா ஏமாத்த இந்தச் சுத்துவட்டாரத்துல ஆளு பொறக்கல. நல்லவேளை, இப்ப அந்தப் பலகை ஷோகேஸுல இருக்கு.

பள்ளிக்கூடம் எதுன்னு கேக்குற இல்ல? மாண்டிசோரின்னு போர்டு போட்ட எடமாப் பாரு. தெருவுக்கு ஒண்ணு இருக்கு. அந்த மாண்டிசோரி அம்மா நமக்கு அசலூர் ஆளு இல்ல தம்பி. ஆதனூர் பக்கத்துல பொறப்பட்டு முடிச்சூரை முக்கிட்டுப் போவுதே அடையாறு, அது கடல்ல சேர்ற எடத்துல பிரம்மஞான சபைத் தோட்டம் இருக்கு. அந்தச் சபைக்காரங்க அருண்டேலும் ருக்மணி தேவியும் கூப்பிட்டு, 1939-ல அங்கதான் வந்து எறங்குனாங்க. வாத்தியாருங்களுக்குப் பாடம் சொல்லிட்டு சில மாசத்துல திரும்பறதா ஏற்பாடு. மறு வருசம் இத்தாலி சண்டையில குதிச்சிது. இத்தாலிக்காரங்கன்னு வெள்ளைக்காரன் மவனைப் புடிச்சி அகமத்நகர்ல அடைச்சிட்டான், அந்தம்மாவை ஊரை வுட்டு நகரக் கூடாதுன்னுட்டான். எழுபது வயசு பொறந்தநாளுக்குத்தான் மவனை வுட்டாங்க. 1946 வரைக்கும் இங்கதான், அடையாறும் கொடைக்கானலுமா. அவங்க சொன்னதுல பாதி, புள்ளை தானா எடுத்து, தன் கையாலயே செஞ்சி பாக்கட்டும், டீச்சர் குறுக்க போவாதீங்கன்றதுதான். அதை விளையாட்டுன்னு கூட அவங்க சொல்லல, வேலைன்னு மரியாதை குடுத்தாங்க. இன்னிக்கி அவங்க பேரு போட்ட எடத்துல நாலு வயசுப் புள்ள நாலுகோட்டு நோட்டுல ஒரே எழுத்தை ஒரு பக்கம் எழுதுது. வூட்டுக்கும் ரெண்டு பக்கம் குடுத்தனுப்புறாங்க. நீ கட்டுற பணத்துக்கு நோட்டு ரொம்பணும் இல்ல?

தெரியாத்தனமா அங்கன்வாடி பக்கம் போயிடாத. எங்க மருமவ அங்கதான் டீச்சர். காந்தி ஜெயந்தி அன்னிக்கி 1975-ல ஆரம்பிச்ச திட்டம், இன்னும் திருந்தல. அவங்களுக்குன்னு சர்க்கார் குடுத்த பாடத்திட்டத்துக்குப் பேரே 'ஆடிப் பாடி விளையாடு பாப்பா'. சோறும் போட்டு, முட்டையும் குடுத்து, ஆடவும் வுடுறாங்க. அதுவும் காசு வாங்காம. மெட்ராஸ் கார்ப்பரேஷன் பள்ளிக்கூடத்துல 2003-லயே விஜயகுமார்னு ஒரு கமிஷனர் பெஞ்சை ஓரங்கட்டிட்டு, பாயி விரிச்சி, அட்டைங்களைக் குடுத்து, ஒவ்வொரு புள்ளையும் தன் வேகத்துல கத்துக்கட்டும்னுட்டாரு. ஆந்திராவுல ரிஷி வேலி பள்ளிக்கூடத்துல பாத்துட்டு வந்த வழி அது. அப்புறம் தமிழ்நாடு பூரா போச்சு. நம்ம ஜனங்க இன்னா பண்ணாங்க? புள்ளையைத் தரையில உக்கார வைக்கிறாங்கன்னு மெட்ரிகுலேஷனுக்கு இட்டுக்கினு ஓடினாங்க.

படிச்சவங்க வேற ஏதேதோ சொல்லி உன்னைக் கொழப்புவாங்க. பாங்க்செப்னு ஒரு விஞ்ஞானி, அமெரிக்காவுல எலிக்குக் கிச்சுகிச்சு மூட்டுறதையே ஆராய்ச்சியா பண்ணாராம். நம்ம காதுக்கு எட்டாத சத்தத்துல அது கீச்சுகீச்சுன்னு சிரிக்கிதாம். பேரன் ஃபோன்ல படிச்சிக் காட்டுனான். கட்டிப் பொரள வுடாம தனியா வளத்த எலிக்குட்டிங்க பெருசானதும் மத்த எலியோட எப்படிப் பழகறதுன்னு தெரியாம தடுமாறுதாம், முன்மூளை கூட வேற மாதிரி ஆயிடுதாம். எலி கதை நமக்கெதுக்கு? 2018-ல அமெரிக்கக் கொழந்தை டாக்டருங்க சங்கம், மருந்து சீட்டுல விளையாட்டையும் எழுதிக் குடுங்கன்னு டாக்டருங்களுக்கே சொல்லிடுச்சு. மறு வருசம் உலக சுகாதார நிறுவனம் கணக்கே போட்டுச்சு. மூணு நாலு வயசுப் புள்ள ஒரு நாளைக்கு 180 நிமிஷம் ஓடியாடணும், அதுல 60 நிமிஷம் மூச்சு வாங்கணும், டிவி ஃபோன் எல்லாம் சேத்து ஒரு மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. நீ கவலைப்படாத, ரெண்டையும் அப்படியே மாத்திப் போட்டுக்க. பாதி ஊரு அப்படித்தான் நடத்துது. விளையாடறது புள்ளையோட உரிமைன்னு ஐ.நா. சபையில 1989-லயே எழுதிட்டாங்க, நம்ம நாடும் 1992-ல ஒத்துக்கிச்சு. போதாததுக்கு 2024-லருந்து ஜூன் 11-ஐ விளையாட்டுக்குன்னு ஒரு நாளாவும் வச்சிட்டாங்க. அன்னிக்கி உங்க அபார்ட்மெண்ட்டுல கண்டிப்பா மாறுவேடப் போட்டி வைப்பீங்க.

இன்னா தம்பி, மொகம் வாடிப் போச்சு? சரி, ஒண்ணு பண்ணு. புள்ளையைச் சாயங்காலம் நாலு மணிக்கு இங்க கொண்டாந்து வுடு. ஏரிக்கரைப் பக்கம் நாலு பசங்க இருக்கானுங்க, ரெண்டு வேப்பமரம் இருக்கு, மண்ணு வேண்டிய மட்டும் இருக்கு. நான் கட்டையில உக்காந்து பாத்துக்கினு இருப்பேன், ஒண்ணும் சொல்லித் தர மாட்டேன். இலவசம்னா உனக்கு நம்பிக்கை வராது, பொண்டாட்டியும் சண்டைக்கி வருவா. அதனால மாசம் மூவாயிரம் வச்சிக்கலாம். அகாடமின்னு போர்டு எழுதக் குடுத்திருக்கேன். பெத்தவங்க நூறு அடிக்குள்ள வரக் கூடாது. ஃபோட்டோ எடுத்து வாட்ஸப்புல போட மாட்டேன், ப்ராக்ரஸ் கார்டும் கெடையாது. முட்டி சிராய்ச்சா மஞ்சளுக்குத் தனியா பத்து ரூபா. புள்ளை வூட்டுக்கு வரும்போது டவுசர்ல மண்ணு இல்லன்னா அன்னிக்கி ஃபீஸைக் கழிச்சிக்க.

ஜிபே இருக்கு. நம்பரைப் பேரன்கிட்ட கேட்டுக்க. சீக்கிரம் சொல்லு, சீட்டு கொஞ்சம்தான் மிச்சம்.