பிச்சாவரம் போற பேராண்டிகளுக்கு

ஏனுங்க பேராண்டிகளா, பிச்சாவரத்துக்கு வேன் பேசி முடிச்சாச்சாமே! நல்ல காரியம். பொறந்ததுல இருந்து ஆட்டையாம்பட்டிக் கடைவீதியும் சீரகாபாடி பைபாசும் பாத்தே கண்ணு பூத்துப்போன புள்ளைங்க, தண்ணிக்குள்ள நிக்கற காட்டையும் ஒருக்காப் பாத்துட்டு வரோணுமில்ல? "அப்பாரு, நீங்க அந்தப் பக்கமெல்லாம் லாரி ஓட்டுனவராச்சே, ஏதாச்சும் சொல்லி அனுப்புங்க"ன்னு கேட்டீங்க. கேக்காமயே சொல்றவன் நானு. கேட்டா உடுவனா?

மொதல்ல ஸ்பீக்கர். பெருசா ஒண்ணு எடுத்துக்கோங்க, அதில்லாமக் கெளம்பீராதீங்க. அங்க வாய்க்காலுக்குள்ள படகு நொழஞ்சதும் துடுப்புத் தண்ணியத் தொடற சத்தம், எங்கியோ ஒரு மீன்கொத்தி கத்தற சத்தம், அவ்வளவுதான் கேக்கும். அந்த அமைதி நம்மாளுங்க மேலுக்கு ஆவாது, சொரம் வந்துரும். குத்துப்பாட்ட அலற உடுங்க. குளுரு காலத்துக்குன்னு எந்தெந்தத் தேசத்துல இருந்தோ பறந்து வந்து எறங்கியிருக்கற பறவைங்களும் எத்தன நாளைக்குத்தான் சும்மா மீனையே பாத்துக்கிட்டு நிக்கும்? ஒரே பாட்டு, நாரை, கொக்கு, நீர்க்காக்கா அத்தனையும் அடுத்த ஊருக்குப் போயிரும். பொறவு, "ஒரு குருவியும் காணம், காசு தண்டம்"னு நீங்க ஊரெல்லாம் சொல்லலாம்.

ரெண்டாவது, நேரம். ராத்திரி ரெண்டு மணிக்கே கெளம்பீருங்க. ஆத்தூர், விருத்தாசலம், சிதம்பரம், அப்பறம் கிள்ளைன்னு இருநூறு கிலோமீட்டருக்கு மேல ஓடோணும். வெடியாலப் போயிச் சேந்தா வெயிலுக்கு முந்திப் படகு ஏறலாம். ஆனா நம்ம வேன் எங்க அப்பிடிப் போவும்? டீக்கடைக்கு டீக்கடை எறங்கி, வேன் மேல சாஞ்சுக்கிட்டு ஆளுக்கு நாப்பது போட்டோ எடுத்து, உச்சிப்பொழுதுக்குப் போயி நின்னீங்கன்னா, பறவை நெழலுக்குப் போயிருக்கும், நண்டு வளைக்குள்ள போயிருக்கும். நட்டநடு வெயில்ல நிக்கறது நீங்களும் படகுக்காரருந்தான். அவரு பொழப்புக்கு நிக்கறாரு, நீங்க காசு குடுத்து நிப்பீங்க.

படகுத்துறை தமிழ்நாடு சுற்றுலா வளர்ச்சிக் கழகத்துது. மோட்டார் படகும் இருக்குது, துடுப்புப் படகும் இருக்குது. சத்தமும் வேகமும் வேணும்னா மோட்டாருல ஏறி அகலத்தண்ணில ஒரு சுத்து சுத்திட்டு வந்துருங்க. மரம் ரெண்டு பக்கமும் கூரை கட்டுன சந்து வாய்க்காலுக்குள்ள போவோணும்னா துடுப்புப் படகுதான். 1975ல எம்ஜிஆரோட 'இதயக்கனி' அந்தக் காட்டுலதான் எடுத்தாங்க. படகுக்காரரு அந்த எடத்தைக் காட்டுனா, "எந்த எம்ஜிஆரு?"ன்னு மட்டும் கேட்டு வெச்சுராதீங்க. கமலோட 'தசாவதார'மும் அங்க எடுத்ததுதான். அதச் சொல்லிச் சமாளிச்சுக்கோங்க.

இப்ப மரத்துக்கு வருவோம். 1,000 எக்டேருக்கு மேல கெடக்கற காடு. கண்டல், வெண்கண்டல், சுரபுன்னை, தில்லைன்னு வகைவகையா நிக்கும். வேருன்னா மண்ணுக்குள்ள போறதுன்னுதான நாம படிச்சோம்? அங்க வெண்கண்டல் மரத்தச் சுத்திப் பாருங்க. சேத்துல இருந்து பென்சிலு பென்சிலா ஆயிரக்கணக்குல வேரு மேல நீட்டிக்கிட்டு நிக்கும். சேத்துக்குள்ள காத்து கெடயாது, அதனால மரம் மூக்க வெளிய நீட்டி மூச்சு உடுது. இதத் தெரிஞ்சுக்கிட்டா உங்களுக்கு வசதி. நம்மூரு கைமுறுக்க நொறுக்கித் தின்னுட்டு, முறுக்கு வந்த பிளாஸ்டிக் கவரைத் தூக்கித் தண்ணில போட்டா, அது எங்கியும் போவாது. அலை கொண்டு போயி நேரா அந்த மூக்கு மேலதான் சாத்தும். உங்க கைய நீட்டி ஒரு மரத்தோட மூக்கப் பொத்தறது சங்கடம் பாருங்க, கவரு உங்களுக்காக அந்த வேலையப் பாத்துரும்.

வெண்கண்டல் எலை ஒண்ணத் திருப்பிப் பாருங்க. வெயில்ல பொடிப்பொடியா உப்பு மின்னும். உப்புத் தண்ணியக் குடிச்சுட்டு, வேண்டாத உப்ப எலை வழியாத் துப்பிடுது. கண்டல் அத உட உசாரு. வேருலயே வடிகட்டிப் பெரும்பாலான உப்ப உள்ள உடறதே இல்ல. உங்களுக்கெல்லாம் பிரஷ்ஷரு வந்து டாக்டரு உப்பக் கொறைங்கன்னு சொல்றதுக்கு எத்தனையோ காலம் முந்தியே மரம் இந்தப் பாடத்தப் படிச்சு முடிச்சுருச்சு.

கண்டலுக்கு இன்னொரு பழக்கம். வெதை மரத்துல தொங்கும்போதே மொளச்சு, முருங்கக்காய் நீளத்துக்கு வளந்து, தன் காலுல நிக்கற தெம்பு வந்த பொறவுதான் கீழ உழுவும். தண்ணி வத்துன நேரமா இருந்தா சேத்துல குத்திக்கிட்டு அங்கியே வேரு புடிக்கும். தண்ணி இருந்தா மெதந்து போயி எடம் பாத்துக்கும். பெத்த தாயி புள்ளைய அப்பிடித்தான் அனுப்போணும். உங்கள்ல பாதிப் பேரு இன்னும் மரத்துலதான் தொங்கறீங்க, அது வேற கத.

தில்லை மரத்தக் காட்டச் சொல்லிக் கேளுங்க. சிதம்பரத்துக்குத் தில்லைன்னு பேரு வந்தது அந்த மரத்தால. நடராசர் கோயிலுக்குத் தல மரமும் அதுதான். சிதம்பரத்துல தேடுனா அந்தக் காடு கெடைக்காது, பிச்சாவரத்துலதான் நிக்குது. பக்தில கெளைய ஒடிச்சு ஊட்டுக்குக் கொண்டாரலாம்னு கைய வெச்சுராதீங்க. ஒடிச்ச எடத்துல பாலு வரும். கண்ணுல தெறிச்சா கொஞ்ச நாளைக்கிக் கண்ணு தெரியாது. மத்த மரமெல்லாம் உங்கள மாதிரி ஆளுங்ககிட்ட இருந்து தப்பிக்க வனத்துறைய நம்பி நிக்குது. தில்லை யாரையும் நம்பல.

தண்ணி வத்துன நேரமாப் பாத்துப் போனீங்கன்னா சேத்துல ஒரு கூத்தே நடக்கும். மண்டை மேல முழி வெச்ச சின்ன மீனு ஒண்ணு, துடுப்பக் காலா ஊனித் தத்தித் தத்தி நடக்கும். மீனு தரைல நடக்குதான்னு ஆன்னு பாப்பீங்க. வளைக்கு வளை ஒரு நண்டு நிக்கும். ஆம்பள நண்டுக்கு ஒத்தக் கை மட்டும் ஒடம்புக்குப் பொருந்தாத பெருசு. அத மேலயுங் கீழயும் ஆட்டி ஆட்டிப் பொண்ணைக் கூப்புடும். பொண்ணு வர்ற வரைக்கும் ஆட்டிக்கிட்டே இருக்கும். பாவம், புல்லட்டு வாங்க வக்கில்லாத நண்டு.

எல்லாத்தையும் உட நீங்க பாக்க வேண்டியது இருளர் சனம் எறா புடிக்கறது. வலை கெடயாது, தூண்டி கெடயாது. ஆம்பள பொம்பள ரெண்டு பேருமே வாய்க்கால்ல எறங்கி, கழுத்து முங்கக் குனிஞ்சு, ரெண்டு கையையும் சேத்துக்குள்ள உட்டுத் தடவிக்கிட்டே நகருவாங்க. பனையோலைப் பறி முன்னால மெதக்கும், அதோட கயிறு பல்லுல. வெரலுல எறா தட்டுச்சுன்னா அடுத்த நொடி அது பறிக்குள்ள. நம்மூட்டுப் பொம்பளைங்க முறுக்குச் சுத்தறதப் பாத்துருக்கீங்களே, கையப் பாக்காம ஊர்க்கதை பேசிக்கிட்டே மாவு திரிஞ்சு திரிஞ்சு வட்டம் வட்டமா வந்து உக்காருமே, அதே மாதிரி அந்த வெரலுக்கும் கண்ணு இருக்குது. அவங்களப் பாத்து, "ஏய், ஒருக்காத் தூக்கிக் காட்டு, ரீல்ஸ் எடுக்கோணும்"னு படகுல இருந்து கத்துவான் நம்ம கூட்டத்துல ஒருத்தன். அண்ணே, அக்கான்னு கூப்புடுங்க கண்ணுகளா. அப்பறம், கயித்தப் பல்லுல கடிச்சுக்கிட்டு இருக்கறவங்ககிட்டப் பேட்டி கேக்காதீங்க. அவங்க வாயத் தொறந்தா அன்னைக்கிக் கூலி மெதந்து போயிரும்.

இந்தக் காட்டுக்கு ஒரு கத இருக்குது. வெள்ளக்காரன் காலத்துல இருந்து காட்டைக் கூறு போட்டு, கூறு கூறா மொட்டையடிச்சு வித்தாங்க. மரம் போன எடத்துல வெயிலு நேரா அடிச்சு, சேறு வத்தி மண்ணு அமுங்கிப் போச்சு. அந்தப் பள்ளத்துல ஏறுன கடல்தண்ணி வெளிய போவ வழியில்லாம அங்கியே காஞ்சு, உப்பு மேல உப்பு ஏறி, கண்டலே மொளைக்காத கட்டாந்தரை ஆயிருச்சு. பழி யாரு மேல? வெறகு பொறுக்குனவன் மேல, மாடு மேச்சவன் மேல. எப்பவும் அப்பிடித்தான, வெட்டுனவன் ஆபீசுல இருப்பான், பொறுக்குனவன் கையில புடிபடுவான். 1990கள்ல எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்துக்காரங்க நோவு எங்கன்னு கண்டுபுடிச்சாங்க. வனத்துறையும் ஊர்ச்சனமும் சேந்து மீன்முள்ளு கணக்கா வாய்க்கால் வெட்டுனாங்க. அலை ஏறவும் எறங்கவும் வழி கெடச்சதும் செடி வேரு புடிச்சு, பொட்டல் மறுபடியுங் காடாச்சு. தண்ணி வர வழி இருந்தாப் போதாது, போவவும் வழி வேணும்கறதுதான் மொத்தச் சூத்திரமும். நம்மூருச் சாக்கடை கட்டற கான்ட்ராக்டருங்களுக்கு வேன்ல ரெண்டு சீட்டு ஒதுக்கி வையுங்க. டிக்கெட்டு நான் எடுத்துக் குடுக்கறன்.

2004 டிசம்பர் 26ந் தேதி சுனாமி வந்தப்ப, காட்டுக்குப் பின்னால இருந்த ஊருங்களுக்கு அடி கம்மி. காடில்லாம கடலு மொகத்துல இருந்த குப்பங்களுக்கு பலத்த அடி. அந்த வேரும் மரமுந்தான் அலையோட வேகத்தை வாங்கிக்கிச்சு. 2022ல இது ராம்சார் பட்டியல்லயும் ஏறிருச்சு. ஒலகத்துல காப்பாத்தியே ஆவோணும்கற ஈரநெலத்துல இதும் ஒண்ணு. ஒலகம் இப்பத்தான் ஒத்துக்குது, குப்பத்துச் சனம் அன்னைக்கே ஒத்துக்கிச்சு.

காட்டைப் பாத்துட்டு அப்பிடியே திரும்பீராதீங்க. கிள்ளைல மாசி மகத்துக்கு ஸ்ரீமுஷ்ணத்துப் பூவராகப் பெருமாள் கடலுக்குத் தீர்த்தவாரிக்கு வருவாரு. அங்க தர்கா சார்பா முஸ்லிம் சனம் அவருக்கு வரவேற்பு குடுப்பாங்க, மரியாத வாங்கறதும் குடுக்கறதும் நடக்கும். வாட்ஸப்புல ராத்திரி பூரா சண்டை போடற பெரிய மனுசங்க நம்ம தெருவுல நாலு பேரு இருக்கறாங்க, அவங்களையும் மாசில ஒருக்காக் கூட்டிப் போங்க. பொழுதோட சிதம்பரத்துல எறங்கிக் கோயிலப் பாத்துட்டு, கத்திரிக்காக் கொத்சு தின்னுட்டுக் கெளம்புங்க. "பரோட்டா இல்லீங்களா?"ன்னு கேட்டு அந்தக் கடைக்காரர நோவடிக்காதீங்க.

கடைசியா ஒண்ணு. பிச்சாவரத்துக்கு வடக்க வெள்ளாறு, தெக்க கொள்ளிடம். வெள்ளாறு யாரு ஊட்டுப் புள்ளைன்னு தெரியுமா? நம்ம ஆத்தூரு வழியா வர்ற வசிஷ்ட நதியும், தம்மம்பட்டிப் பக்கத்துல இருந்து வர்ற சுவேத நதியும் ஒண்ணு சேந்த ஆறு அது. பரங்கிப்பேட்டைல கடலுக்குப் போவுது. கொள்ளிடத்துக்கும் நாம ஒறவுதான். சேர்வராயன் மலைல பொறக்கற திருமணிமுத்தாறு, சேலத்துக்குள்ள பூந்து, நம்ம பக்கமா எறங்கி, நஞ்சை எடையாறுகிட்டக் காவேரில உழுவுது. வெள்ளம் வந்தா காவேரியோட மிச்சத் தண்ணி முக்கொம்புல பிரிஞ்சு கொள்ளிடத்துல போவுது. கண்டலுக்கு வெறும் உப்புத்தண்ணி பத்தாது, ஆத்துத் தண்ணியும் கலந்தாத்தான் செழிக்கும். அதுக்கு நாம என்னத்த அனுப்பறோம்? சாயத்தண்ணி, சாக்கடைத்தண்ணி, சேகோ ஆலைத்தண்ணி, மழை வந்தா ஆத்துப் பாலத்துக்கு மேல பொங்கற நொரை. நீங்க இப்பத்தான் வேன் பேசறீங்க. நம்மூரு சீதனம் வருசா வருசம் டிக்கெட்டு இல்லாமப் போயிக்கிட்டு இருக்குது.

அதனால அங்க வேருல மாட்டிக் கெடக்கற குப்பையப் பாத்து, "எந்த ஊருக்காரன்டா இப்பிடிப் பண்ணுனது?"ன்னு சவுண்டு உட்டுக்கிட்டு நிக்காதீங்க. படகுக்காரரு மரியாதைக்குச் சிரிச்சுட்டு, "தம்பிங்க எந்த ஊரு?"ன்னு கேப்பாரு. சேலம்னு சொல்லீராதீங்க, ஈரோடுன்னு சொல்லீருங்க. அவங்க சாயமும் காவேரிலதான் கலக்குது, அதனால முழுப் பொய்யும் ஆவாது.