கூரையைப் பிய்த்த ராஜா

இங்கிலாந்து மன்னர் எட்டாம் ஹென்றி கத்தோலிக்க மடங்களை இழுத்து மூடியது பக்தியாலா, போப் மேல் இருந்த பகையாலா?

பாதி பகை, மீதி பணம்! தெய்வம் கொடுத்தால் கூரையைப் பிய்த்துக்கொண்டு கொடுக்கும் என்பார்கள். ஹென்றி கூரையைப் பிய்த்துக்கொண்டு எடுத்தார். நிஜமாகவே! 1536 முதல் 1540-க்குள் ஏறக்குறைய 800 மடங்கள் காலி. கூரையில் வேய்ந்திருந்த ஈயத்தகட்டை உரித்து, உருக்கி, பாளம் பாளமாக வண்டியேற்றினார்கள். மணிகளும் உலைக்குப் போயின. நிலங்களில் பெரும்பகுதி வசதி படைத்தவர்கள் கைக்குப் போயிற்று. பின்னாளில் மகள் மேரி ராணியாகி நாட்டைக் கத்தோலிக்கத்துக்குத் திருப்பினார். நிலம் பெற்றவர்கள் மதத்தை மாற்றிக்கொண்டார்கள், பட்டாவை மட்டும் மாற்றவில்லை. 1554-ல் போப் தரப்பே 'சரி, வைத்துக்கொள்ளுங்கள்' என்று இறங்கிவந்தது!

மடத்து வாசலில் சோற்றுக்கு நின்ற ஏழைகள் கதி?

உள்ளே இருந்த துறவிகள் பலருக்குப் பென்ஷன் கிடைத்தது. வாசலில் நின்றவனுக்கு யார் கொடுப்பார்? மடத்தை ஒட்டி இயங்கிய லண்டன் செயின்ட் பார்த்தலோமியூ ஆஸ்பத்திரியே வருமானம் போய்த் தள்ளாடியது. லண்டன்வாசிகள் மன்றாடிய பிறகு, 1546-ல்தான் ஹென்றி அதை நகரத்திடம் ஒப்படைத்தார். ஊருக்கு ஊர் வரி வசூலித்து ஏழைகளைப் பராமரிக்கும் சட்டம் முழு வடிவம் பெற்றது 1601-ல். அதற்குள் ஹென்றி செத்து 54 வருஷம்.