பரங்கிக்காய்க் கறியில் வெல்லம்: ஓர் இலக்கண ஆராய்ச்சி

காயை நறுக்கி, கடுகும் உளுத்தம்பருப்பும் தாளித்த எண்ணெயில் இட்டு, நீர் சுண்டும்வரை வதக்கி எடுக்கும் உலர்ந்த தொடுகறிக்குத் தமிழர் அடுக்களையில் 'கறி' என்று பெயர். பொரியல் என்பாரும் உளர். இவ்வினத்தில் மஞ்சள் பரங்கிக்காய்க் கறி காய்ந்த மிளகாயின் உறைப்பையும் வெல்லத்தின் இனிப்பையும் ஒரே வாணலியில் ஏற்றுக்கொள்வதால், பண்டங்களை வகைப்படுத்த முயல்வோருக்கு ஓயாத தொல்லை தந்து வருகிறது. இனிப்பு என்று கொண்டால் பெருங்காயத்துக்கு அங்கு என்ன வேலை என்றும், காரம் என்று கொண்டால் வெல்லம் எவ்வழியே நுழைந்தது என்றும் கேள்வி எழும். காய்க்கு இயல்பாக உள்ள இனிப்பே போதும் என்று வாதிடும் ஒரு சாராரும் உண்டு. அவர்கள் முற்றாத பரங்கியை வாங்கி ஏமாந்தறியாதவர்கள் ஆதலின், அவர்தம் கொள்கை இங்கு எடுத்துக்கொள்ளப்படவில்லை.

இரு வேறு நாட்டுச் சமையலைக் கலந்து, கலந்ததற்காகக் கூடுதல் விலை வைக்கும் முறைக்கு இக்கால உணவகங்கள் 'ஃபியூஷன்' என்று பெயரிட்டுள்ளன. பரங்கியும் மிளகாயும் அமெரிக்கக் கண்டத்துச் செடிகள். 1492இல் கொலம்பஸ் கடல் கடந்து, அவ்வழியே பிறரும் கப்பலேறும்வரை இவ்விரண்டையும் இந்தியாவில் எவரும் கண்டதில்லை. பெருங்காயமோ ஈரான், ஆப்கானிஸ்தான் பக்கத்துச் செடியொன்றின் வேரைக் கீறி எடுக்கும் பிசின். கறிவேப்பிலை மட்டுமே கொல்லைப்புறத்திலிருந்து வந்தது. ஆகவே 'பாட்டி கைப்பக்குவம்' என்று போற்றப்படும் இக்கறி, ஃபியூஷன் என்னும் சொல் உணவுப் பட்டியலில் ஏறுவதற்கு நெடுங்காலம் முன்பே கண்டங்களைக் கலந்துவிட்டது. அதற்காகப் பாட்டிமார் சேவை வரி வாங்கியதாகச் சான்றில்லை.

இனி, வெல்லம் காயோடு சேரும் முறை. இரு சொற்கள் சேருங்கால் நிகழ்வதை இயல்புப் புணர்ச்சி, விகாரப் புணர்ச்சி என நன்னூலார் வகுத்து, விகாரத்தைத் தோன்றல், திரிதல், கெடுதல் என மூன்றாக்குவார். பரங்கியை நிலைமொழியாகவும் வெல்லத்தை வருமொழியாகவும் கொண்டால் அடுக்களைக்கும் இவ்விதியே பொருந்தும். கறியை இறக்கிய பின் வெல்லத்தூளை மேலே தூவினால், காய் காயாகவும் வெல்லம் வெல்லமாகவும் நின்று பல்லில் தனித்தனியே அகப்படும். இஃது இயல்புப் புணர்ச்சி, சோம்பலால் விளைவது. காய் வேகுமுன்னரே வெல்லத்தை இட்டால், சர்க்கரை காயின் செல்சுவர் இளகுவதைத் தாமதப்படுத்துமாதலால், துண்டுகள் விறைத்து நிற்கும், இது திரிதல். உப்பை முதலிலேயே போட்டுவிட்டால் அது காயிலுள்ள நீரை வெளியே இழுத்துக் கறியைக் கூட்டாக்கிவிடும் என்பதும் இதனோடு சேர்த்து எண்ணத்தக்கது. வாணலியில் நீர் தேங்கி நிற்கும்வரை வெப்பம் 100 டிகிரி செல்சியஸை ஒட்டியே நிற்கும். நீர் வற்றிய பின்னரே காய் சிவக்கத் தொடங்கும். சர்க்கரையும் அமினோ அமிலமும் சூட்டில் கூடி நிறமும் மணமும் தரும் அவ்வினையை 1912இல் விளக்கிய பிரெஞ்சு அறிஞர் மையாரின் பெயராலேயே அது வழங்குகிறது. அந்நிலையில் வெல்லத்தை இட்டு இரண்டு புரட்டுப் புரட்டினால், இரண்டிலும் தனித்து இல்லாத ஒரு மணம் எழும், இதுவே தோன்றல். அவ்வேளை பார்த்துக் கைப்பேசி ஒலித்து, அடுப்பருகே இருப்பவர் அதை எடுத்துவிட்டால் நிகழ்வது கெடுதல்.

உறைப்போடு இனிப்பு ஏன் ஒத்துப்போகிறது என்பதற்கும் விடை உண்டு. மிளகாயின் கேப்சைசின் நாவிலுள்ள வெப்ப உணர்வியைத் தூண்டுகிறது. அவ்வுணர்வியை 1997இல் இனங்கண்ட குழுவின் தலைவர் டேவிட் ஜூலியஸ் 2021இல் நோபல் பரிசு பெற்றார். மிளகும் தூண்டுவது அதையே. எனவே உறைப்பு என்பது கண்டிப்பாகச் சொன்னால் வலி. இனிப்பு அவ்வலியைத் தணிக்கிறது. ஆறு சுவைகளுள் ஒன்றாக வலியையும் எண்ணி, அதை விருந்தினருக்குப் படைத்த முன்னோரின் துணிவு தனியே ஆராயத்தக்கது.

அளவைப் பொறுத்தவரை, அரைக் கிலோ காய்க்கு ஒரு மேசைக்கரண்டி வெல்லம் என்பது இக்கட்டுரையின் முடிபு. வெல்லம் சேர்ந்திருப்பது உண்பவருக்கு ஐயமாக இருக்கலாமேயன்றி உறுதியாகிவிடக் கூடாது. ஒரு தட்டு உண்ட மருமகன் "காயே நல்ல இனிப்பு" என்று சொன்னால் அளவு சரி, "பாயசம் இப்போதே வந்துவிட்டதா?" என்று கேட்டால் மிகை. இலையில் இதற்குரிய இடமும் இவ்வளவினாலேயே தீர்கிறது: இதன் இடம் மேற்பாதியில் மற்றக் கறிகளின் வரிசையே, பல வீடுகளில் பாயசத்துக்கென ஒதுக்கிய வலக்கீழ் மூலையில் இதற்கு உரிமையில்லை.

இவ்வகைப்பாட்டைச் சான்றாகக் காட்டி, "இது காய்தானே" என்று மூன்றாம் முறை கேட்டு வாங்கும் நீரிழிவு நோயாளர்கள் பல குடும்பங்களில் உள்ளனர். வெல்லத்தின் பெரும்பகுதி சுக்ரோஸ். பரங்கியோடு புணர்ந்ததால் அது காய் ஆகிவிடுவதில்லை.